தோற்றவன் முகம்

தாராபுரம்

அன்புள்ள அம்மிணி,

கடிதம் கிடைத்தது. திருப்பூரில் பார்க்கிற மெர்ச்சண்டைசர் வேலையை விட்டுவிட்டு, பொன்னர், சங்கர் சகோதரர்களைப் பாடுகிற அண்ணன்மார் கதையை உடுக்கையும் பாட்டும் குறையாமல் படமாக எடுக்கப் போவதாக எழுதியிருக்கிறாய். வெளிநாட்டில் ஓபராவைத் திரைக்குக் கொண்டுபோவதையே தொழிலாகக் கொண்ட இயக்குநர்கள் இருக்கிறார்கள், நம் பக்கம் அப்படி ஒருவர் ஏன் இல்லை என்றும் கேட்டிருக்கிறாய். இருந்தார். அவரும் நம் கொங்குச் சீமைக்காரர்தான். அவரைப் பற்றித்தான் இந்தக் கடிதத்தில் அதிகம் எழுதப் போகிறேன். வேலையை விடலாமா என்ற கேள்விக்குக் கடைசியில் வருகிறேன். விடிய விடியப் பாடுகிற ஒன்று இரண்டரை மணி நேரத் திரையில் எப்படி நிற்கும் என்பது தெளிவானால்தான் அதற்குப் பதில் சொல்ல முடியும்.

மூன்று கேமரா, நல்ல மைக், ஒரு பாட்டும் விடாமல் பதிவு என்பது உன் திட்டம். பாட்டு முழுசாக வந்துவிட்டால் கலையும் முழுசாக வந்துவிடும் என்று நினைக்கிறாய். எனக்கு அது சரியாகப் படவில்லை. நம் இசை நாடகத்தில் பாட்டு ஒரு வாதம். யாரையோ மடக்க, மயக்க, பணிய வைக்க, அழ வைக்கப் பாடப்படுவது. சங்கரதாஸ் சுவாமிகளின் வள்ளி திருமணத்தை ஸ்பெஷல் நாடகமாகப் பார்க்கிற கூட்டம் கதை தெரியாமல் வருவதில்லை. வள்ளிக்கும் நாரதருக்கும் நடக்கிற தர்க்கத்துக்காகத்தான் நடுச்சாமம் தாண்டியும் உட்கார்ந்திருக்கிறது. அந்த நாடகத்தில் நடிகர்கள் வேறு வேறு ஊரிலிருந்து வருவார்கள். ஒத்திகை கிடையாது. நாரதர் எந்தப் பாட்டை எடுப்பார், எந்தக் கேள்வியில் மடக்குவார் என்பது வள்ளியாக நிற்கிற அம்மாவுக்கு முன்கூட்டித் தெரியாது. மேடையிலேயே பதில் தேடியாக வேண்டும், அந்தத் தேடலைச் சனம் பார்க்கிறது. யாரோ ஒருவர் தோற்கக்கூடும் என்ற பயம் இருக்கிறவரை பாட்டுக்கு உயிர் இருக்கிறது. கேமராவுக்கு முன் அந்தப் பயம் கிடையாது. பாட்டு முன்பே பதிவாகிவிட்டது, தப்பினால் இன்னொரு டேக் இருக்கிறது. ஆக, மேடையைத் திரைக்குக் கொண்டுபோகிறவர் பாட்டைத் தூக்கிக்கொண்டு போனால் போதாது. பாட்டால் ஒருவர் மாறுகிறார், தோற்கிறார், எழுகிறார் என்பதைக் கேமராவுக்குப் புதிதாகக் கட்டிக் கொடுக்க வேண்டும்.

இதைக் கட்டாமல் விட்டால் என்ன ஆகும் என்பதற்குத் தமிழ் சினிமாவின் முதல் பத்து வருஷமே சாட்சி. 1931-இல் வந்த 'காளிதாஸ்' தொடங்கி, பேசும் படம் என்றாலே பாடும் படம்தான். மேடையில் ஓடின நாடகங்கள் நடிகரோடும் பாட்டோடும் அப்படியே ஸ்டுடியோவுக்குள் வந்தன. 1934-இல் வந்த 'பவளக்கொடி'யில் ஏறக்குறைய 50 பாட்டு. தியாகராஜ பாகவதரின் குரல் புதிதாக இருந்ததால் அது ஓடியது. மறு வருஷம் 'நந்தனார்' வந்தது. நம் பக்கத்துக் கொடுமுடிக்காரர் கே.பி. சுந்தராம்பாள் நந்தனாராக ஆண் வேடம் கட்டினார், வேதியராக மகாராஜபுரம் விசுவநாதய்யர். சுந்தராம்பாளுக்கு 1 லட்சம் ரூபாய் சம்பளம். அந்தக் காலத்து 1 லட்சம். நாட்டிலேயே பெரிய இரண்டு குரல்கள் ஒரே படத்தில் இருந்தும் படம் எடுபடவில்லை. அதே கதையை 1942-இல் ஜெமினி தண்டபாணி தேசிகரை வைத்து எடுத்தபோது நன்றாக ஓடியது. குரலின் பெருமை மட்டும் திரையில் ஒரு படத்தைத் தூக்கி நிறுத்தாது என்று இதிலிருந்தே தெரிகிறது.

நான் சொல்ல வந்தவர் ஏ.பி. நாகராஜன். சங்ககிரிக்குப் பக்கம் அக்கம்மாபேட்டையில் 1928-இல் பிறந்தவர். சின்ன வயசிலேயே டி.கே.எஸ். சகோதரர்களின் நாடக சபையில் சேர்ந்து பெண் வேடம் கட்டினார். அந்தச் சகோதரர்கள் சங்கரதாஸ் சுவாமிகள் 1918-இல் மதுரையில் தொடங்கிய பாலர் சபையில் வளர்ந்தவர்கள். ஆக, சுவாமிகளின் பள்ளிக்கு இவர் பேரன் முறை. 1953-இல் 'நால்வர்' என்ற தன் நாடகம் படமானபோது கதை எழுதி, நடித்து சினிமாவுக்குள் வந்தார். டைரக்டர் நாற்காலி கிடைத்தது 1962-இல், 'வடிவுக்கு வளைகாப்பு' படத்தில். நடுவில் ஒன்பது வருஷம் அடுத்தவர் படங்களுக்கு எழுதிக்கொண்டிருந்தார். 1957-இல் வந்த 'மக்களைப் பெற்ற மகராசி'யில் சிவாஜி கணேசனை நம் கொங்குப் பேச்சு பேச வைத்தவர் இவர்தான். கே. சோமு இயக்கிய அந்தப் படத்தில், கதாநாயகன் பேசுகிற மொழியாக அதை நிமிர்த்தியது சின்னக் காரியமில்லை. அதற்குப் பின் 1964-இல் 'நவராத்திரி', 1965-இல் 'திருவிளையாடல்', 1966-இல் 'சரஸ்வதி சபதம்', 1968-இல் 'தில்லானா மோகனாம்பாள்'. 1977-இல், 50 வயசு நிரம்பும் முன்னே, காலமானார். இத்தனைக்கும் அடியில் ஓடுகிற சரக்கு ஒன்றுதான். சுவாமிகளின் மேடையிலிருந்து அவர் எடுத்து வந்தது தர்க்கம்.

'திருவிளையாடல்' படத்தில் ஹேமநாத பாகவதர் வருகிற பகுதியை மறுபடி ஒருதரம் பார். பாண்டியன் சபையில் வடநாட்டு வித்வான் வந்து சவால் விடுகிறார். ராகம் மாறி மாறி அவர் பாடுகிற பாட்டுக்குக் குரல் பாலமுரளி கிருஷ்ணா, முகம் டி.எஸ். பாலையா. சபையே வாயடைத்துப் போகிறது. எதிர்த்துப் பாட வேண்டிய பாணபத்திரர் டி.ஆர். மகாலிங்கம், தோற்றுவிடுவோம் என்று கோயிலில் போய் அழுகிறார். அன்று ராத்திரி விறகுவெட்டியாக வந்த சிவபெருமான், பாகவதர் தங்கியிருக்கிற வீட்டுத் திண்ணையில் உட்கார்ந்து பாடுகிறார். இங்கேதான் நாகராஜனின் கெட்டிக்காரத்தனம். இரண்டு வித்வான்களையும் ஒரே சபையில் எதிரெதிரே உட்கார வைத்துப் பாட விட்டிருக்கலாம், வேறு யாராயிருந்தாலும் அப்படித்தான் செய்திருப்பார்கள். கதையோ போட்டியை ராத்திரிக்கும் தெருத் திண்ணைக்கும் கொண்டுபோகிறது, அதை அவர் முழுசாகப் பயன்படுத்திக்கொண்டார். கேட்கிறவர் ஒரே ஒரு ஆள், பாகவதர். சிவபெருமானாக வரும் சிவாஜியே பாடுவதும் வீணை, குழல், மிருதங்கம் வாசிப்பதுமாகத் தோன்றுகிற தந்திரக் காட்சி, பாட்டு நின்றதும் உலகமே அசையாமல் நிற்கிற காட்சி எல்லாம் எல்லோருக்கும் ஞாபகம் இருக்கும். ஆனால் போட்டியின் முடிவு தெரிவது பாலையாவின் முகத்தில். பகலில் சபையில் நிமிர்ந்த அந்தத் தலை எப்படி இறங்குகிறது பார். பாடினவன், பாணபத்திரர் தகுதியில்லை என்று தள்ளிவிட்ட சீடன் நான் என்று சொல்லிவிட்டுப் போகிறான். தள்ளிவிட்டவனே இப்படிப் பாடினால் குரு எப்படிப் பாடுவார் என்ற கணக்கு அந்த முகத்தில் ஓடுகிறது. விடிவதற்குள் பாகவதர் ஊரைவிட்டே போய்விடுகிறார். தீர்ப்பு சொல்ல ராஜா தேவைப்படவில்லை, கைதட்டவும் ஆள் இல்லை. தோற்றவன் முகம் ஒன்று போதுமாயிருந்தது.

'தில்லானா மோகனாம்பாள்' இதே சரக்கைப் படம் முழுக்க நீட்டுகிறது. கொத்தமங்கலம் சுப்பு 'கலைமணி' என்ற பேரில் ஆனந்த விகடனில் எழுதிய தொடர்கதை அது. நாகஸ்வரக்காரர் சிக்கல் சண்முகசுந்தரத்தை நமக்கு அறிமுகப்படுத்துவதே ஒரு கேட்கிற தகராறில்தான். வாணவேடிக்கைச் சத்தத்தில் கூட்டம் கலைய, வாசிப்பைப் பாதியில் நிறுத்திவிட்டு எழுந்துவிடுகிறார். அதற்கப்புறம் படம் முழுக்க யார் யாரைக் கேட்கிறார்கள் என்பதே கதையாகிறது. நாட்டியக்காரி மோகனா மறைந்து நின்று கேட்கிறாள், இவர் அவள் ஆட்டத்தைப் பார்க்கிறார், இருவரும் ஒருவரையொருவர் சவாலுக்கு இழுக்கிறார்கள். வாசித்தவர்கள் மதுரை எம்.பி.என். சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். சீவாளியைப் பிடித்தவர்கள் சிவாஜியும் ஏ.வி.எம். ராஜனும். வாசிப்பு ஒருவருடையது, வாய் இன்னொருவருடையது என்று தெரிந்தும் நாம் நம்புகிறோம். பக்கத்தில் தவிலோடு இருக்கிற பாலையா ஒவ்வொரு சுரத்துக்கும் தலையசைத்து, முகம் சுளித்து, பெருமைப்பட்டு நமக்காகக் கேட்டுக்கொண்டிருப்பதால்தான் அந்த நம்பிக்கை வருகிறது. அந்த மனுஷனுக்குத் தமிழ் சினிமா கேட்பதற்கென்றே ஒரு விருது கொடுத்திருக்கலாம். 1972-இல் 'அகத்தியர்' எடுத்தபோதும் நாகராஜன் இதே இடத்துக்குத்தான் வந்தார், ராவணனும் அகத்தியரும் இசையில் மோதுகிறார்கள். 'சரஸ்வதி சபதம்' கல்வியா செல்வமா வீரமா என்ற ஒரே வழக்கு. அவர் படங்களை வரிசையாக வைத்துப் பார்த்தால் இது தற்செயல் இல்லை என்று தெரியும்.

வெளியூர்ச் சாட்சியும் இருக்கிறது. ஸ்வீடனில் இங்மர் பெர்க்மன் 1975-இல் தொலைக்காட்சிக்காக மோட்சார்ட்டின் 'மாயப் புல்லாங்குழல்' ஓபராவை எடுத்தார். டிராட்னிங்ஹோம் என்ற பழைய அரண்மனை நாடக அரங்கின் மேடையை ஸ்டுடியோவுக்குள் அச்சாகக் கட்டி, பாட்டை முன்கூட்டியே பதிவு செய்து எடுத்த படம். திரை விலகும் முன் வாத்தியக் குழு வாசிக்கிற நேரம் முழுக்க அவர் வாத்தியக்காரர்களைக் காட்டவில்லை. கேட்கிறவர்களின் முகங்களை ஒன்றன்பின் ஒன்றாகக் காட்டுகிறார், நடுநடுவே ஒரு சிறுமியின் முகத்துக்குத் திரும்பித் திரும்பி வருகிறார். சங்ககிரிக்காரரும் ஸ்வீடன்காரரும் ஒருவரையொருவர் பார்த்துக் கற்றிருக்க வழியில்லை. மேடையைத் திரைக்குக் கொண்டுபோகிற எவரும் இந்த இடத்துக்கு வந்து சேர வேண்டியிருக்கிறது என்றுதான் நான் எடுத்துக்கொள்கிறேன்.

நீ எடுக்கப் போகிற கதையிலேயே இதற்கு அசைக்க முடியாத ஆதாரம் இருக்கிறது. படுகளத்தை யோசித்துப் பார். உடுக்கை அடித்துப் பாடுகிறவர் பொன்னரும் சங்கரும் விழுந்த இடத்துக்கு வரும்போது, கேட்டுக்கொண்டிருந்த ஆட்களே அருள் வந்து களத்தில் விழுகிறார்கள். பிறகு அண்ணன்மாரின் தங்கை தங்காள் புலம்பித் தீர்த்தம் தெளிக்க எழுகிறார்கள். ஒரு பாட்டு கேட்கிறவரை உடம்போடு வீழ்த்தி எழுப்புகிறது. இதைவிட என்ன வேண்டும்? உன் மூன்று கேமராவும் உடுக்கைக்காரரையே பார்த்துக்கொண்டிருந்தால், அண்ணன்மார் கதையின் உயிர்நாடி உன் முதுகுக்குப் பின்னால் நடந்து முடிந்திருக்கும்.

இந்த இடத்தில் நீ கேட்கக்கூடியது எனக்குத் தெரியும். நாகராஜன் படங்கள் நாடகத்தனமானவை, அட்டை மலை, சரிகை உடுப்பு, நீட்டி முழக்குகிற வசனம், இன்றைக்கு உன் வயசுப் பிள்ளைகள் மீம் போட்டுச் சிரிக்கிறார்கள் என்பாய். அட்டை மலை அட்டை மலைதான், மறுக்கவில்லை. ஆனால் சிரிப்பவர்களும் 'திருவிளையாடல்' படத்துத் தருமியையும் நக்கீரரையும் வரிக்கு வரி மனப்பாடமாக வைத்திருக்கிறார்கள் என்பதை யோசி. அறுபது வருஷம் கழித்தும் ஒரு சபை விவாதம் வாயில் நிற்கிறது. அந்தக் காட்சியில் நக்கீரர் நாகராஜனே. நிஜம் போல இருப்பது திரைக்கு ஒரு வழி, அது ஒன்றே வழியில்லை. பாடிப் பேசுகிற உலகத்தை எடுத்துக்கொண்டால் அந்த உலகத்தின் பேச்சையே முழு மனசோடு பேச வேண்டும். மேடையைப் பற்றி வெட்கப்பட்டு, பாட்டைப் பின்னணியில் ஒளித்துவைக்கிற படம் இரண்டுங்கெட்டானாகப் போகும். 2011-இல் வந்த 'பொன்னர் சங்கர்' கலைஞரின் நாவலை ஒட்டி எடுத்தது, இளையராஜா இசை, பெரிய செலவு. அரண்மனையும் போர்க்களமும் விரிந்தன. உடுக்கைக்காரனின் ராத்திரி அதில் இல்லை என்பதே எனக்குக் குறை. நாகராஜனுக்கும் இந்தச் சறுக்கல் உண்டு. 1973-இல் வந்த 'ராஜராஜ சோழன்' டி.கே.எஸ். மேடையில் புகழ் பெற்ற நாடகம், தமிழின் முதல் சினிமாஸ்கோப் படம். அகன்ற திரையை நிரப்பச் சபையும் தூணும் தேவைப்பட்டன, முகங்கள் தூரமாகிப்போயின. 'திருவிளையாடல்' திண்ணையின் பலம் அந்த அகலத்தில் கிடைக்கவில்லை.

முழுசாகப் பதிவு செய்யாவிட்டால் கலை அழிந்துபோகாதா என்பது உன் அடுத்த கவலை. நியாயமானது. 1965-இல் பிரெண்டா பெக் என்ற கனடா ஆய்வாளர், நம் பக்கத்துக் காங்கேயம் வட்டாரத்து ஓலப்பாளையத்தில் தங்கி, பல ராத்திரிகள் பாடப்பட்ட இந்தக் கதையை 30 மணி நேரத்துக்கும் மேல் டேப்பில் பதிவு செய்தார். அதிலிருந்துதான் புத்தகங்கள் வந்தன, பின்னாளில் 26 பகுதி அனிமேஷன் தொடரும் வந்தது. அந்த டேப் இல்லாவிட்டால் இவை எதுவும் இல்லை. எனவே பதிவு செய், ஒரு வரி விடாமல் செய். ஆனால் அந்தப் பதிவே படம் என்று நினைத்துவிடாதே. நிட்டிங்கிலிருந்து இறங்கிய துணி ரோல் எவ்வளவு நல்ல துணியாக இருந்தாலும் கட்டிங்குக்கும் ஓவர்லாக்குக்கும் போகாமல் பனியன் ஆகாது, இது உனக்கு நான் சொல்லித் தெரிய வேண்டியதில்லை. இப்போது வள்ளிக் கும்மி அரங்கேற்றம் நடக்காத ஊர் நம் பக்கம் இல்லை, யூடியூபில் மணிக்கணக்கில் கிடக்கிறது. 2024-இல் வள்ளி ஒயில் கும்மி ஆசிரியர் பத்திரப்பனுக்குப் பத்மஸ்ரீயும் கிடைத்தது. ஆடினவர்கள் தங்களைத் தேடிப் பார்க்க அந்தப் பதிவுகள் நன்றாகவே உதவுகின்றன. ஆடாதவர் ஒருவர் கடைசிவரை பார்க்க வேண்டுமானால் வேறு வேலை செய்தாக வேண்டும்.

அப்படியானால் வெட்டியே ஆக வேண்டும். வெட்டினால் பெரியவர்கள் திட்டுவார்கள். திட்டுவதில் பாதி நியாயமும் இருக்கும். இத்தாலிய இயக்குநர் செஃபிரெல்லி 1986-இல் வெர்டியின் 'ஒதெல்லோ'வை எடுத்தபோது, சாகப் போகிற கதாநாயகி கடைசி ராத்திரியில் பாடுகிற புகழ்பெற்ற பாட்டையே எடுத்துவிட்டார். இன்றைக்கும் ஓபரா ரசிகர்கள் அதை மன்னிக்கவில்லை. அவர்கள் பக்கம்தான் நான். கதை நகரவில்லை என்று தூக்கினார் போல, ஆனால் அவள் தன் சாவைத் தானே கேட்டுக்கொள்கிற இடம் அது. எதை வெட்டுவது என்பதற்கு நீளத்தை அளவுகோலாக வைத்தால் இப்படித்தான் முடியும். ஒரு பாட்டு முடிந்தபின் அதைக் கேட்டவர் பழையபடியே இருந்தால் அதை விடலாம். மாறியிருந்தால், எவ்வளவு நீளமானாலும் தொடாதே.

இனி வேலை. இப்போதைக்கு விடாதே. பயந்து சொல்லவில்லை, நாகராஜனின் கணக்கைப் பார்த்துச் சொல்கிறேன். அடுத்தவருக்கு எழுதின ஒன்பது வருஷத்தில் படப்பிடிப்பு எப்படி நடக்கிறது, காசு எங்கே கரைகிறது என்று பார்த்துக்கொண்டார். பேர் வாங்கின பிறகும் பெரிய படத்தையே நம்பி உட்காரவில்லை. 'தில்லானா' வந்த மறு வருஷமே 'வா ராஜா வா' என்று மாமல்லபுரத்தில் ஒரு பையனை வைத்துச் சின்னப் படம் எடுத்தார், குன்னக்குடி வைத்தியநாதனை இசையமைப்பாளராக்கினார். அடுத்த வருஷம் 'திருமலை தென்குமரி', பஸ்ஸில் ஊர் ஊராகப் போகிற கூட்டத்தின் கதை. பெரிய நட்சத்திரம் இல்லாமலும் அவரால் நிற்க முடிந்தது. உனக்கு இப்போது வருகிற சம்பளம்தான் உன் முதல் தயாரிப்பாளர். ஏற்றுமதி ஆர்டர் நெருக்காத மாதங்களைப் பார்த்து லீவு எடு. ஞாயிற்றுக்கிழமைகளில் மூலனூர், குண்டடம் பக்கம் போய், பாடுகிறவர்களோடு உட்காரு. முதல் சில தடவை கேமரா வேண்டாம்.

முழுக் கதையையும் எடுக்கிற யோசனையைத் தள்ளிவை. இருபது நிமிஷத்துக்கு ஒரே ஒரு இடம் எடு: தங்காள் களத்துக்கு வந்து அண்ணன்மாரைத் தேடுகிற இடம். சத்தத்தைத் தனியாகப் பதிவு செய். உடுக்கையின் அடி தூக்கலாகவும் குரல் மெல்லியதாகவும் இருக்கும், ஒரே மைக்கில் இரண்டும் கெடும். ஒரு கேமரா பாடுகிறவருக்கு, மற்ற இரண்டும் கூட்டத்துக்கு. அருள் வந்து விழுகிறவர்களின் முகத்தைக் கிட்டப் போய் எடுப்பதற்கு முன்னால் அவர்களிடமும் கோயில்காரர்களிடமும் சம்மதம் கேள். விழுந்தபின் கேட்க முடியாது, எழுந்தபின் கேட்டால் அவர்களுக்கு ஞாபகம் இருக்காது. வேண்டாம் என்று ஒருவர் சொன்னால் அந்த முகம் எவ்வளவு நன்றாக வந்திருந்தாலும் படத்திலிருந்து எடுத்துவிடு.

பாடுகிறவருக்கு முன்பணமாகப் பாதியும், முடிந்த அன்றே மீதியும் கையில் கொடு, படம் விற்றால் பங்கு எவ்வளவு என்பதை வெள்ளைத்தாளில் தமிழில் எழுதி இருவரும் கையெழுத்துப் போடுங்கள். பையர் அக்ரிமெண்டை வரிக்கு வரி படிக்கிறவள் நீ, இதிலும் அந்தக் கண்ணைக் காட்டு. எடுத்ததை முதலில் அவருக்கும் அந்த ஊருக்கும் போட்டுக் காட்டு, அன்றைக்கு எனக்கும் தகவல் சொல், வருகிறேன்.

அன்புடன்,
உன் பெரியப்பா